பதினொரு படிகள்

மார்ச் 3

அன்புள்ள மச்சானுக்கு,

நலம். உன் அக்காவும் நலம், நீ எழுதுவதில்லை என்ற குறையைத் தவிர. நான்கு வருடக் கோபத்தில் இதைக் கிழித்துப் போடாதே. படித்துவிட்டுக் கிழி.

செய்தி, சமையல், கால்பந்து, குதிரைப் பிரசவம், அழுகைத் தொடர் என்று இருபத்தாறு வருடமாக டிவிக்கு நான் எடுக்காதது இல்லை. இப்போது சர்க்கரை என் இடது கண்ணை வாங்கிக்கொண்டது. வலது கண்ணைக் கேமராவில் வைத்தால் சுற்றிலும் இருட்டு. "ஆபீஸ்லயே ஒரு நாற்காலி போட்டுத் தர்றோம்" என்கிறார்கள். நாற்காலி தேய்க்கவா பிறந்தேன்?

பதினேழாம் தேதி காலை தொடரின் கடைசிக் காட்சி. நாயகி நீதிமன்ற வராந்தாவில் நடந்து வந்து, பதினொரு படிகள் இறங்குகிறாள். வெட்டில்லாமல் ஒரே ஷாட். அவள் முகத்தை விடாமல் நான் அவளுக்கு முன்னே பின்னோக்கியே நடந்து இறங்க வேண்டும். எடுத்துவிட்டால் நாற்காலிப் பேச்சு அடங்கும். முன்பு போல நீ என் முதுகுப் பக்கம் நின்று பெல்ட்டைப் பிடித்து வழிகாட்ட வா.

அன்புடன்,
அத்தான்

மார்ச் 9

அத்தானுக்கு வணக்கம்.

கண் விஷயம் கேட்டு மனம் கலங்கிவிட்டது. ஆனால் வரமாட்டேன்.

அன்று ஊர்வலத்தில் கேமராவோடு நீங்கள் சாக்கடையில் விழுந்தீர்கள். "சவுண்ட் ஆள் பெல்ட்டை விட்டுவிட்டார்" என்று ஆபீஸில் எழுதிக் கொடுத்தீர்கள். நான் விடவில்லை. முதுகில் ஒரு தட்டு தட்டினேன். ஒரு தட்டு என்றால் நில், இரண்டு என்றால் படி வருகிறது என்பதுதானே நம் கணக்கு. நீங்கள் நிற்கவில்லை. அதன்பிறகு எந்த சேனலும் என்னைக் கூப்பிடவில்லை. மேடைகளுக்கு மைக் கட்டிப் பிழைக்கிறேன்.

மச்சான்

மார்ச் 12

மச்சானுக்கு,

நீ தட்டியது தெரியும். ஒரு தட்டுதான். கேமராவில் ஒரு முகம் அவ்வளவு அழகாக வந்துகொண்டிருந்தது, நிற்க மனமில்லை. உண்மையை எழுதினால் என் வேலை போயிருக்கும். உன் வேலையைப் போகவிட்டேன். வெட்கமாக இருக்கிறது.

இன்று அதையெல்லாம் எழுதிக் கையெழுத்திட்டு மேலாளரிடம் கொடுத்துவிட்டேன். நகல் இத்துடன். "மொதல்ல ஷாட் முடியட்டும், அப்புறம் உங்களப் பாத்துக்கறேன்" என்றார்.

நீ வந்தாலும் வராவிட்டாலும் எடுப்பேன். பெல்ட்டைத் தானே பிடிப்பதாக உன் அக்கா சொல்கிறாள். கல்யாணமான நாள் முதல் அவள் தட்டுகிறாள், நான் என்றைக்கு நின்றேன்?

அத்தான்

மார்ச் 15

அத்தானுக்கு,

நகலை மூன்று முறை படித்தேன். கோபம் போய்விடவில்லை. அது போகட்டும் என்று காத்திருந்தால் பதினேழாம் தேதி போய்விடும்.

அக்காவை வீட்டில் இருக்கச் சொல்லுங்கள். பழைய தோல் பெல்ட்டைக் கட்டுங்கள், புதியது கையில் வழுக்கும். தட்டினால் நில்லுங்கள்.

நேற்று நீதிமன்றத்துக்குப் போய் நடந்து பார்த்தேன். கடைசிப் படி தரையோடு தரையாக, தரையின் நிறத்திலேயே கிடக்கிறது. ஒற்றைக் கண்ணால் எண்ணினால் தப்பிவிடும். பதினொன்று இல்லை அத்தான், பன்னிரண்டு.

மச்சான்