சுரேனின் ஆல்பமும் என் காதுகளும்

மார்ச் 2, ஞாயிறு

சர்ச்சில் பூசை முடிந்து வந்ததிலிருந்து சுரேனின் ஆல்பத்தைத்தான் கேட்டேன். தெலுக் இந்தான் ஊர்க்காரன். பாமாயில் மில்லில் வேலை. மீதி நேரமெல்லாம் லேப்டாப்பில் எலக்ட்ரானிக் டான்ஸ் இசை. இது முதல் ஆல்பம். ஒலித்தரம் குறையாத லாஸ்லெஸ் ஃபைல் என்று போட்டிருக்கிறான். எனக்கு அப்படித் தெரியவில்லை. டிரம்ஸில் தட்டும் சிம்பல் தகட்டின் ஒலியெல்லாம் ஒரே மங்கல். தரம் குறைந்த எம்பி3-ஐ மாற்றி லாஸ்லெஸ் என்று பெயர் வைத்திருக்கிறான் என்று ரசிகர் குழுவில் எழுதினேன். நான் சொன்னால் அங்கே மறுபேச்சு இல்லை. "ஜெனட் அக்கா காது பொய் சொல்லாது லா" என்று ஆளுக்கு ஆள்.

மார்ச் 3

சுரேன் தனியாக மெசேஜ் அனுப்பியிருந்தான்: "ஒரிஜினல் ஃபைல்தான்கா. எந்த இடத்துல குறையுதுன்னு சொல்லுங்க, சரி பண்றேன்."

சிரிக்கும் முகம் ஒன்றை மட்டும் அனுப்பினேன்.

மார்ச் 9

ஆல்பத்தை எடுத்துவிட்டு, சிம்பல் போன்ற கீச்சென்ற மேல் ஒலிகளை ஏற்றி மறுபடி போட்டிருக்கிறான். இப்போதுதான் தெளிவு. பாராட்டி எழுதினேன். காதைக் குத்துகிறது என்கிறார்கள் சிலர். நல்ல ஹெட்போன் வாங்குங்கள் என்று பதில் போட்டேன்.

மார்ச் 15

தங்கச்சி எல்ஸிக்குக் காய்ச்சல். அக்குளில் தெர்மாமீட்டரை வைத்துவிட்டு, அது பீப் என்று கத்தட்டும் என்று காத்திருந்தேன்.

"அது அப்பவே கத்திருச்சுக்கா. காதுல விழலையா?"

மறுபடி வைத்தோம். இப்போது கத்துகிறது என்று கையைக் காட்டினாள். எனக்கு ஃபேன் சத்தம் மட்டும்தான்.

மார்ச் 20

ஈப்போவில் காது பரிசோதனை. சத்தம் கேட்டால் பட்டனை அழுத்த வேண்டும். நடுவில் வெகுநேரம் ஒன்றும் வரவில்லை. மெஷின் கெட்டுவிட்டதோ என்று நிமிர்ந்தேன். பரிசோதிக்கும் பெண் என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ரொம்ப வருஷமா ஹெட்போன்ல சத்தமா கேப்பீங்களா? கீச்சுன்னு வர்ற மேல் சத்தம் ரெண்டு காதுலயும் போயிருச்சு. திரும்ப வராது."

திரும்பும் வழியில் சிம்பாங் பூலாய் வரும்வரை கார் ரேடியோவைத் திறக்கவில்லை.

அப்படியென்றால் சுரேன் —

மார்ச் 21

குழுவில் எழுதினேன். அழித்தேன். எழுதினேன். அழித்தேன். யாருக்குத் தெரியப்போவுது? எனக்குத் தெரியுதே.

மார்ச் 23

சுரேனை ஃபோனில் கூப்பிட்டுச் சொல்லிவிட்டேன்.

"அப்ப மொதல்ல போட்டதுதான் சரியாக்கா?"

"ஆமாப்பா. எனக்குத்தான் கேக்கல."

"நான் என் காதைத்தான் சந்தேகப்பட்டேன். மில்லு சத்தத்துல கெட்டுப்போச்சோன்னு பயந்துட்டேன்."

மன்னிப்புக் கேட்டேன். "சரிக்கா, ஷிஃப்ட்டுக்கு லேட்டாச்சு" என்று வைத்துவிட்டான்.

குழுவிலும் முழுதாக எழுதினேன். ஒருவர் மட்டும் கேட்டார்: "அப்ப இவ்ளோ நாளா நீங்க சொன்னதெல்லாம்?" வெட்கமாயிருக்கு.

ஏப்ரல் 6, ஞாயிறு

பழைய பதிப்பையே சுரேன் திரும்பப் போட்டிருக்கிறான். குழுவில் எல்லோரும் எழுதுகிறார்கள். நான் எழுதவில்லை.

எல்ஸியைப் பக்கத்தில் உட்கார வைத்து, ஸ்பீக்கரில் மெதுவாகப் போட்டேன். சிம்பல் வரும்போதெல்லாம் தொட்டுச் சொல் என்றேன். அவள் என் முழங்கையில் விரலால் தட்டினாள். மூன்றாவது பாட்டில் நிறுத்தாமல் தட்டிக்கொண்டே இருந்தாள்.

இவ்வளவும் இருந்ததா அதில்.