அப்பாவுக்குப் பெரிதாகிப்போன ஸ்வெட்டர்

கொய்லுர்பம்பா, அயாகுச்சோ
புதன்கிழமை

என் செல்ல மகன் ரோமுலோவுக்கு அம்மா எழுதுவது. மாதா உன்னை நோய்நொடியில்லாமல் வைத்திருக்கட்டும். என் ஃபோனை நீ எடுப்பதில்லை, அதனால் லிமா பஸ் டிரைவரிடம் இதைக் கொடுத்தனுப்புகிறேன்.

கிடைத்துவிட்டார், மகனே! உன் அப்பா கிடைத்துவிட்டார்! சண்டை போட்டு உன்னை டி.என்.ஏ. சோதனைக்கு எச்சில் கொடுக்க வைத்தேனே, அது வீண்போகவில்லை. பழைய ராணுவ முகாமுக்குக் கீழே, ஓடையோரக் குழியிலிருந்து தோண்டியெடுத்த எலும்புகளில் ஒருவருடையது உன்னோடு பொருந்திவிட்டதாம்!

அந்த ஓடையில்தானே உன்னை முதுகில் கட்டிக்கொண்டு துணி துவைத்தேன்! ஊரே அங்கே தண்ணீர் எடுத்தது. அந்தப் புல்லில் மட்டும் யாரும் ஆடு மேய விட்டதில்லை. ஏனென்று யாரும் வாய்திறந்ததும் இல்லை.

எதிர்வீட்டு செனோபியா சேதி கேட்டதும் ஓடிவந்தாள். உன் அப்பா வேறொருத்தியோடு காட்டுப்பக்கம் போய்விட்டார் என்று முதலில் கிளப்பிவிட்டவள் அவள்தான். “அப்படிச் சொன்னாத்தான்டி, அவரப் பிடிச்சுட்டுப்போன ராணுவத்துக்காரன் ஒன்னையும் பிள்ளையையும் விட்டுவைப்பான்னு நெனச்சேன்” என்று அழுதாள். எனக்கு வந்த கோபம் கொஞ்சமல்ல. ஆனால் அடக்கத்தன்று ஊருக்கே சோளம் அவிக்க அவளை விட்டால் யார் இருக்கிறார்கள்?

இதைக் கேள். பெட்டியில் எலும்புகளை அடுக்கி, மேலே புதுத்துணி விரிப்பார்களே, அதற்குக் கடைத்துணி வாங்க மனம் வரவில்லை. அல்பாகா கம்பளியில் ஸ்வெட்டர் பின்னிக் கொண்டுபோனேன். விரித்தால் கைகள் இரண்டும் பெட்டிக்கு வெளியே தொங்குகின்றன! எலும்பு அடுக்கிய பெண், “இவரு சின்ன ஆளும்மா, இருபத்துமூணு வயசுதான்” என்றாள்.

உன் அளவுக்குப் பின்னிவிட்டேன், மகனே! இத்தனை வருஷமும் அவரும் உன்னோடு வளர்ந்துகொண்டிருந்ததாக நினைத்திருக்கிறேன், பைத்தியக்காரி. “ஒம் புருசன் இப்ப ஒம் பையனுக்குத் தம்பிடி” என்றாள் கூட வந்திருந்த செனோபியா. பெட்டியைப் பிடித்துக்கொண்டு சிரித்தோம், அப்புறம் அழுதோம். சின்னதாக இன்னொன்று பின்னிக்கொண்டிருக்கிறேன், கைகள்தான் பாக்கி.

ஞாயிற்றுக்கிழமை அடக்கம். தலைப்பக்கம் மகன்தான் தூக்க வேண்டும். உன் சித்தப்பா தான் தூக்குவதாகச் சொன்னார், முடியவே முடியாது என்றுவிட்டேன். எச்சில் கொடுத்த அன்று, “அந்தக் குழியில அவரு இருக்கமாட்டாரும்மா, நம்மள விட்டுட்டுப் போனவரு” என்றாயே. அவர் எங்கேயும் போகவில்லை, ரோமுலோ. நாம் துணி துவைத்த இடத்திலேயே இருந்திருக்கிறார்.

பெரிய ஸ்வெட்டரை நான் பிரிக்கவில்லை. இங்கே குளிர் அதிகம், வந்து போட்டுக்கொள். கடவுள் உன்னைப் பத்திரமாகக் கொண்டுவந்து சேர்க்கட்டும். உன் அப்பா சின்னவர், ஐயா. கனக்கமாட்டார்.

வழிபார்த்திருக்கும் அம்மா,
ஃபோர்த்துனாத்தா