சிவப்புத் துணி கட்டிய சாவி

ஜூன் 3
வீட்டுக்காரர் தவறிப்போய் இருபத்தாறு நாள். இன்றைக்குத்தான் மறுபடி வேலைக்குப் போனேன். தண்ணீர் நிலையத்துக் கன்ட்ரோல் ரூமைக் கூட்டினேன். அவர் உட்கார்ந்து வேலை பார்த்த நாற்காலியை மட்டும் நகர்த்தாமல் சுற்றித் துடைத்தேன். கம்ப்யூட்டருக்குப் பின்னால் கட்டைவிரல் அளவுக்கு ஒரு பென்டிரைவ். அதன் தலையில் சிவப்புத் துணி, அவர் போடுகிற இரட்டை முடிச்சு. துணி என் பழைய ரவிக்கையில் கிழித்தது! அப்போ அவருடையதுதானே? உருவி இடுப்பில் செருகிக்கொண்டேன். உள்ளே போட்டோ இருக்கும். குரல்கூட இருக்கும்.

ஜூன் 4
லீவு. செல்போன் கடைக்காரர் போட்டுப் பார்த்துவிட்டு, "இதுல ஒண்ணுமே இல்லக்கா" என்றார். பரவாயில்லை. முடிச்சு இருக்கிறதே. தலையணைக்கு அடியில் வைத்துக்கொண்டேன்.

ஜூன் 5
போனால் அங்கே ஒரே களேபரம். தொட்டியில் எவ்வளவு தண்ணீர், எந்த மோட்டார் ஓடுகிறது என்று காட்டுகிற திரை, இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை தானாக மூடிக்கொள்கிறதாம். சாஃப்ட்வேர் கம்பெனிக்காரர் வந்திருந்தார். "லைசென்ஸ் சாவியைக் காணோம். அது செருகியிருந்தாத்தான் நிக்காம ஓடும். தொலைச்சுட்டா வேற தர மாட்டோம். மொதல்லேருந்து வாங்கணும்."

சாவி என்றால் பென்டிரைவ் மாதிரிதானாம்; இவ்வளவு பெரிது என்று கட்டைவிரலைக் காட்டினார்.

என் தலையணைக்கு அடியில் இருப்பது அதுதான். அதிகாரி கேட்டார், "பெருக்கும்போது ஏதாச்சும் பாத்தியாம்மா?"

"இல்லீங்கய்யா."

ஏன் அப்படிச் சொன்னேன்? வாய் தானா சொல்லிடுச்சே.

ஜூன் 6
அவரோடு வேலை பார்த்த, எல்லாரும் நெட்டை என்று கூப்பிடுகிற ஆபரேட்டருக்கு முழங்கால் வலி. திரை மூடும்போதெல்லாம் அவர்தான் தொட்டி ஏணியில் ஏறி அளவு பார்க்கிறார். "ரெண்டு மணி நேரத்துக்கு ஒருதடவை செத்துச் செத்துப் பொழைக்குது அண்ணி" என்று சிரித்தார். சட்டென்று நாக்கைக் கடித்துக்கொண்டார். அப்புறம் மெதுவாக, "யாரும் தெரியாம உருவிடக் கூடாதுன்னுதான் அண்ணன் அதுல செவப்புத் துணி கட்டி வச்சாரு" என்றார்.

நான் விளக்குமாற்றையே பார்த்துக்கொண்டு நின்றேன்.

ஜூன் 7
சாவியைக் கையில் எடுத்துக்கொண்டு நிலையத்து வாசல்வரை போனேன். திரும்பி வந்துவிட்டேன்.

ஜூன் 9
நெட்டைதான் எடுத்து விற்றுவிட்டார் என்று பேச்சு. எல்லார் முன்னாலும் அவர் பையைக் கொட்டிப் பார்த்தார்கள். சாப்பாட்டு டப்பா, தைலம், மகளின் பள்ளிக்கூடப் படிவம். அவர் குனிந்து ஒவ்வொன்றாகப் பொறுக்கினார், மடங்காத முழங்காலோடு. நான் வாசல்ல நின்னேன். நின்னுக்கிட்டே இருந்தேன். நாளைக்கு அவரை வேலையைவிட்டு நிறுத்திடுவாங்களாம். சீ, நானெல்லாம் ஒரு மனுஷியா?

ஜூன் 10
சாவியை அதிகாரி மேசைமேல் வைத்தேன். "நான்தான் எடுத்தேன். எங்க வீட்டுக்காரரோடதுன்னு நெனச்சேன். நீங்க கேட்டப்ப பொய் சொன்னேன்."

நெட்டை எடுத்துப்போய்ச் செருகினார். முடிச்சை அவிழ்க்கவில்லை. என் முகத்தைப் பார்க்கவும் இல்லை.

ஜூன் 19
வேலை போகவில்லை. கன்ட்ரோல் ரூமுக்குள் மட்டும் போகக் கூடாது. வெளியே கூட்டினால் போதும் என்று உத்தரவு. நெட்டை எதிரே வந்தார். "அங்க ஈரம், வழுக்கும்" என்றார். அண்ணி என்று சொல்லவில்லை.

தொட்டி ஏணிவரைக்கும் கூட்டினேன். திரை மூடாததால் இப்போது யாரும் ஏறுவதில்லை; படியெல்லாம் தூசி, ஒரு கால்தடம் இல்லை. துடைக்காமல் விட்டுவிட்டு வந்தேன்.