நான்கு எண்ணிக்கை மௌனம்

மார்ச் 3, திங்கள்

சம்பந்திச் சண்டை நாடகத்தை வசனமே இல்லாத பாலே நடனமாக்க எட்டு வாரமாக மல்லுக்கட்டுகிறேன். கல்யாண வீட்டில் இரண்டு சம்பந்திகள், உட்கார ஒரே ஒரு நல்ல நாற்காலி. நூறு வருடமாக ஜனங்கள் விழுந்து விழுந்து சிரிக்கிற கதை. இன்று எங்கள் நடனக் குழுவின் இயக்குநர் அம்மா ஒத்திகை பார்த்தார். பல்லே தெரியவில்லை.

"அடுத்த வாரம் வெள்ளிக்கிழமை நம்ம ஊழியர்களுக்குப் போட்டுக் காட்டுங்க. அவங்களும் சிரிக்கலன்னா இதைக் கைவிட்டுடலாம்."

மார்ச் 4

வீட்டுக்காரர் இதே நாடகத்தில் பன்னிரண்டு வருடம் பெண் வீட்டுச் சம்பந்தியாக நடித்தவர். "வசனத்த எடுத்துட்டா மிச்சம் நாற்காலிதான்டி" என்றார். துணி மடித்தேன். அவர் சட்டைகளை மட்டும் மடிக்கவில்லை.

மார்ச் 6

வசனத்துக்கு ஒரு கையசைவு என்று வைத்திருந்ததையெல்லாம் தூக்கி எறிந்தேன்.

மார்ச் 10

நாற்காலியை இழுத்ததும் மாப்பிள்ளை வீட்டுச் சம்பந்தி விழ வேண்டும். எங்கள் முதன்மை ஆட்டக்காரன் பூ உதிர்வதுபோல் விழுகிறான்! "எட்டு வயசுலேர்ந்து தப்பு தெரியாம விழத்தான் சொல்லிக் குடுத்திருக்காங்க, மேடம்" என்கிறான்.

தப்பே தெரியாவிட்டால் எதைப் பார்த்துச் சிரிப்பது? — நானும் அப்படி வளர்ந்தவள்தானே.

மார்ச் 11

பிடிபட்டது! இடைவேளையில் அவன் நிஜமாகவே வழுக்கி விழுந்தான். எழுந்து, ஒன்றும் நடக்காததுபோல் காலை நீட்டிப் பயிற்சி செய்தான். சிரித்துச் சிரித்து எங்களுக்கு வயிறு வலித்துவிட்டது. சிரிப்பு விழுந்ததில் இல்லை, விழுந்த பிறகு காட்டிய கெத்தில் இருக்கிறது.

அதற்கு இடம் வேண்டும். விழுந்ததும் நான்கு எண்ணிக்கைக்குப் பியானோ நிற்கட்டும் என்றேன்.

"நடுவுல நிறுத்தினா நான் தப்பா வாசிச்சிட்டேன்னு நெனைப்பாங்க" என்றார் பியானோக்காரர். "முப்பது வருஷத்துல ஒரு நாள் நிறுத்தினதில்ல."

"நெனைக்கட்டும் சார். பழி என்னோடது."

கசப்பு மருந்து குடித்த முகத்தோடு இசைத்தாளில் பென்சிலால் '4' என்று குறித்துக்கொண்டார்.

மார்ச் 13

பயமாக இருக்கிறது. அந்த நான்கும் சும்மா போனால்? போகட்டும்! மாற்ற மாட்டேன்.

மார்ச் 14, வெள்ளி

விழுந்தான். பியானோ நின்றது. ஒன்று. இரண்டு. அரங்கில் மூச்சுச் சத்தம்கூட இல்லை. செத்தேன் என்று நினைத்தேன். மூன்று — அவன் எழுந்து, கம்பீரமாகக் காலை நீட்டினான். பின்வரிசையில் உடை தைக்கும் அக்கா களுக்கென்று சிரித்தார். பிறகு தையல் அறையே சிரித்தது, விளக்குக்காரர்கள் சிரித்தார்கள், கடைசியில் இயக்குநர் அம்மா கைக்குட்டையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். நான் சிரிக்கவில்லை, அழுதுவிட்டேன்.

"அந்த எடத்துல எனக்கு மூணு பக்க வசனம்டி" என்றார் பார்க்க வந்திருந்த வீட்டுக்காரர், பொறாமையை மறைக்காமல்.

மார்ச் 15

காலையில் பியானோ மேல் இசைத்தாள் கிடந்தது. '4' கோடு போட்டு அடிக்கப்பட்டிருந்தது. பக்கத்தில் பியானோக்காரர் கையெழுத்து, இந்த முறை பேனாவில்: "சிரித்து முடிக்கும் வரை."