சந்துப் பக்கத்துக் கதவு

மார்ச் 4, செவ்வாய்

மன்னித்துக்கொள் டைரி, இன்றும் நடுராத்திரிதான். குழந்தை அபி இப்போதுதான் தூங்கினாள். என் வீட்டுக்காரன் சத்யாவுக்கு ஸ்ரீபெரும்புதூரில் நைட் ஷிப்ட். காலையில் வந்து இதைத் திருட்டுத்தனமாகப் படிப்பான். போன வாரம் ஓரத்தில் ‘ரசம் சூப்பர்’ என்று எழுதியது யாராம்?

விஷயம் இதுதான். எங்கள் வீட்டுக்கும் பட்டு நெய்யும் திருஞானசம்பந்தம் வீட்டுக்கும் நடுவில் இருக்கும் நாலடி அகலச் சந்து நகராட்சியுடையது. அதை முழுசாக அவருக்கே ஒதுக்கிவிட்டார்கள். எங்களுக்கு நோட்டீஸ்கூட இல்லை. உத்தரவில் ஒரு வரி: ‘தென்புற வீட்டுக்குச் சந்துப் பக்கம் வாசல் இல்லை, உபயோகமும் இல்லை.’ அளக்க வந்த நகராட்சி ஆள் பார்த்ததை எழுதியிருக்கிறார். வெறும் சுவர்தானே நிற்கிறது.

மார்ச் 6

வீட்டுக்கு ஒரே வாசல். அதை ஒட்டி அடுப்பு, சிலிண்டர். தீப்பிடித்தால் அபியைத் தூக்கிக்கொண்டு எந்த வழியாக ஓடுவேன்? இன்னொரு வழி வைக்க அந்தச் சந்தை விட்டால் வேறு இடமில்லை.

மார்ச் 17

வக்கீல் பிரவீனா இடைக்காலத் தடை வாங்கிவிட்டார்! மனுவுக்கான விவரம் முழுக்க நான் எழுதிக் கொடுத்தது. படித்தது வீண்போகவில்லை.

ஆனால் சந்தை நாங்கள் தொட்டதே இல்லை என்கிறது எதிர்த்தரப்பு. முன்னே அங்கே கதவு ஏதாவது இருந்ததா என்று பிரவீனா கேட்டார். சாப்பிடும்போது சத்யாவின் அப்பா பரசுராமன் மாமாவிடம் கேட்டேன். தட்டிலேயே கை கழுவிவிட்டு எழுந்துவிட்டார். பாதிச் சோறு அப்படியே. என்ன தப்பாகக் கேட்டுட்டேன்?

ஏப்ரல் 9

சந்தைப் பார்வையிட கோர்ட் அனுப்பிய வக்கீல் டேப்போடு வந்தார். திருஞானசம்பந்தத்தின் மனைவி கலைவாணி அவர்கள் மாடியிலிருந்தே, “வேணாம்னு உட்டவங்களுக்கு இப்ப இன்னா திடீர்னு சந்து மேல ஆசை?” என்றார். நான் வாய் திறப்பதற்குள் மாமா அந்த வக்கீலை உள்ளே கூப்பிட்டார். ஆணியில் மாட்டியிருந்த அபியின் தடுப்பூசி அட்டையை எடுத்து என்னிடம் கொடுத்தார். சுத்தியலால் சுவரில் ஓங்கி அடித்தார். பூச்சு உதிர்ந்தது. உள்ளே மர நிலை. கீல்கூட அப்படியே இருக்கிறது.

“எங்கப்பன் நகராட்சியில துப்புரவு வேலை. மலக்கூடையத் தலையில வெச்சுக்கினு இந்தச் சந்து வழியாத்தான் ஊடு ஊடா வருவாரு. தெருவாசல்ல நிக்க முடியாது. இந்தக் கதவையும் தட்டுனவருதான். அதே ஊட்ட நான் வாங்கினேன் சார். வாங்கின அன்னிக்கே இத அடைச்சேன். எங்க ஊட்டுக்கு இனிமே எவனும் அந்த வழியா வரக்கூடாதுன்னு.”

வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருந்த திருஞானசம்பந்தம், மாடியில் நின்ற மனைவி பக்கம் திரும்பாமல், “கதவு இருந்துச்சு சார். நானே பாத்திருக்கேன்” என்றார்.

அழுதேன். அவமானமா? இல்லவே இல்லை. இந்த மனுஷனுடைய மருமகள் நான் — அதை நினைத்து.

ஏப்ரல் 10

மாமா சுத்தியலைப் பரணில் திருப்பி வைக்கவில்லை.

ஆகஸ்ட் 22

ஒதுக்கீடு ரத்து. இரண்டு வீட்டாரையும் விசாரித்துப் புதிதாக முடிவெடுக்க வேண்டும் என்று தீர்ப்பு. இன்று நோட்டீசே வந்துவிட்டது: ‘திரு. பரசுராமன், ஒட்டிய மனையின் உரிமையாளர்.’ மாமா மூன்று தடவை படிக்கச் சொன்னார். மூன்றாவது தடவை சட்டையை மாட்டிக்கொண்டு வந்து உட்கார்ந்து கேட்டார்.

செப்டம்பர் 12

விசாரணை முடிந்தது. யாருக்கும் ஒதுக்காமல் சந்து இரண்டு வீட்டுக்கும் பொது வழியாகவே இருக்கும். வெளியே வரும்போது திருஞானசம்பந்தம் தயங்கித் தயங்கி, காலையில் தறிக்கான பட்டுப் பாவு நூலை நீட்டிக் கட்ட ஒரு மணி நேரம் சந்தை விடுவீர்களா என்று மாமாவிடம் கேட்டார்.

“எங்க மருமவளக் கேளுபா. கேஸ நடத்தினது அதுதான்.”

ஏழு மணி வரைக்கும் கட்டிக்கோங்க, ஆனா நடக்க ஓரமா வழி உடணும் என்றேன். என் குரல்தானா அது!

சத்யா, நீ இதைப் படிப்பாய், எனக்குத் தெரியும். நாளைக்குப் பதினோரு மணிக்கு ஆசாரி வருகிறார். கதவு உள்பக்கம் திறக்கட்டுமா, வெளிப்பக்கமா? அபியை இடுப்பில் வைத்துக்கொண்டு ஒரே கையால் திறக்க வேண்டும், அதை யோசித்துச் சொல். தாழ்ப்பாள் அவளுக்கு எட்டக் கூடாது. தூங்கப் போவதற்கு முன்னால் இங்கேயே பதில் எழுதி வை.