தோளில் வைத்த லில்லி

சாமைக் கஞ்சியில் பசை காய்ச்சி ஒட்டினால் அந்த வாசனை லேசில் போகாது. நேற்று மலைமேல் ஒரு பள்ளிக்கூடத்தில் நம் புத்தகத்தைக் கையில் வாங்கியதும் முதலில் அதுதான் மூக்கில் ஏறியது. பிரெஞ்சு ராஜாக்கள் சின்னமாக வைத்திருந்த லில்லிப் பூவைப் பற்றி நாம் இருவரும் சேர்ந்து எழுதினோமே, அதே புத்தகம். நடுவில் புடைத்துக்கொண்டிருந்தது. விரித்தால், கோடு போட்ட நோட்டுத் தாள் நான்கு ஒட்டியிருந்தது. நீல மையில் உன் கையெழுத்து.

அங்கேயே பெஞ்சில் உட்கார்ந்துவிட்டேன். தலைமையாசிரியை ஓடி வந்தார்.

"இன்னாங்க மேடம், ஒடம்பு சரியில்லையா?"

"இத யாரு ஒட்டினது?"

"உங்க கூட எழுதுனாங்களே, அந்த அக்கா தாங்க. மலைல எந்த ஸ்கூல்ல எடுத்துப் பாத்தாலும் இப்டி தான் கீது. அவங்களே கிண்ணத்துல பசை எடுத்துக்கினு வந்து ஒட்டிட்டுப் போனாங்க."

நீ போய் ஒரு வருடம் ஆகப் போகிறது. இருந்தவரை இதைப் பற்றி என்னிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. கல்லூரி விடுதியில் ஒரே அறையில் மூன்று வருடம் கிடந்தோம், அப்போதே தெரியும் நீ எவ்வளவு அழுத்தக்காரி என்று. ஆனாலும் இவ்வளவு என்று நினைக்கவில்லை.

நான் ஆலங்காயத்தில் சரித்திர டீச்சராக இருந்தேன். நீ புதுச்சேரியில் பிரெஞ்சு படித்து, அங்கேயே ஒரு தங்கும் விடுதியில் வருடக்கணக்கில் வேலை பார்த்துவிட்டு, அம்மாவுக்குத் துணையாக மலைக்குத் திரும்பியிருந்தாய். சனிக்கிழமை காலை பஸ்ஸைப் பிடித்து நான் மேலே வந்துவிடுவேன். நீ பிரெஞ்சுப் புத்தகங்களைப் படித்துச் சொல்ல, நான் எழுதுவேன். உன் அம்மா புளி கொட்டை எடுத்துக்கொண்டே கேட்டுக்கொண்டிருப்பார்.

"நம்ம வேலில செகப்பா பூக்குதே கண்வலிப் பூ, அதுவா?" என்று ஒருநாள் கேட்டார்.

"இல்லம்மா, அது வெள்ளையா இருக்கும்."

"கெழங்கு வெஷமா?"

"வெஷம்லாம் இல்லம்மா."

"அப்புறம் இன்னாத்துக்கு ராஜா அத வெச்சிக்கினான்?"

நாம் சிரித்த சிரிப்பில் புளிக்கொட்டை தட்டோடு கவிழ்ந்தது. ஆனால் அது நல்ல கேள்வி. பதில் சொல்லத்தான் புத்தகத்தின் முதல் அத்தியாயம் முழுவதும் தேவைப்பட்டது. ஞானஸ்நானம் பெற்ற பிரெஞ்சு அரசனுக்கு வானத்திலிருந்து தேவதூதன் லில்லியைக் கொண்டுவந்து கொடுத்தானாம். அதற்கு முன்னால் அவன் கொடியில் இருந்தது தேரையாம். "தேரையோட வுட்டிருந்தா அவன் பேரே தெரிஞ்சிருக்காது" என்றாய். அது லில்லியே இல்லை, ஆற்றோரத்தில் பூக்கும் வேறொரு மஞ்சள் பூ என்று சாதிக்கிறவர்களும் இருக்கிறார்கள். எதுவானால் என்ன, நீலப் பட்டில் பொன் லில்லிகளை இறைத்துப் போர்த்திக்கொண்டுதான் அவர்கள் முடிசூடினார்கள். சேனையை நடத்திப் போன குடியானவப் பெண்ணின் கொடியிலும் அந்தப் பூ இருந்தது. கவிஞர்கள் அதை எடுத்துக் கறைபடாத பெண்ணுக்கு உவமை சொன்னார்கள். புரட்சி வந்தபோது ஜனங்கள் உளியை எடுத்துக்கொண்டு போய் அரண்மனைச் சுவர்களிலிருந்து செதுக்கி எறிந்தார்கள். இத்தனையும் நான் ஆசை ஆசையாக எழுதினேன். என் தமிழ் எனக்கே இனித்த நாட்கள் அவை.

அப்புறம் ஒரு சனிக்கிழமை வந்தது. உன் தம்பி காளைக்கன்றுக்குச் சூட்டுக்குறி போட ஏற்பாடு செய்திருந்தான். மலையில் மேயவிட்டால் யார் வீட்டு மாடு என்று தெரிய வேண்டுமே. உங்கள் வீட்டுக் குறி ஒரு வட்டம், அதன் கீழே ஒரு கோடு. நெருப்பில் கம்பி சிவந்ததும் நான் கண்ணை மூடிக்கொண்டேன். கன்று கத்தியது இன்னமும் காதில் இருக்கிறது. முடி கருகிய வாடைக்கு முந்தானையால் மூக்கைப் பொத்தினேன். நீ கன்றைத் தடவிக்கொண்டே என்னைப் பார்த்துச் சொன்னாய்.

"லில்லியும் இது தான்டி. நேத்து தான் படிச்சேன். திருடுனவன் தோள்ல காய்ச்சின இரும்பால லில்லிய வெப்பாங்களாம். கடல் தாண்டி தீவுல அடிமையா வெச்சிருந்த ஜனம் தப்பிச்சு ஓடி மாட்டிக்கினா, அவங்க தோள்லயும். ராஜா மேல இருந்தா அலங்காரம், இவங்க மேல இருந்தா சூடு. ரெண்டும் ஒரே பூ."

அதன்பிறகு பிரெஞ்சுக் கதைகளில் சூட்டை மறைக்கத் தோளை மூடியே வைத்திருக்கும் பெண்கள் வரும்போதெல்லாம் நாம் நிறுத்திப் படித்தோம். இந்தச் சூட்டைப் பற்றிய கடைசி அத்தியாயத்தை நீயே எழுதினாய். "எழுதுனா முழுசா எழுதணும்டி" என்றாய்.

அந்த அத்தியாயத்தைத்தான் நான் எடுத்துவிட்டேன்.

பதிப்பாளர் எடுக்கச் சொல்லவில்லை. பள்ளி நூலகங்களுக்குப் போகும் புத்தகமாயிற்றே, கொஞ்சம் யோசியுங்கள் என்று மட்டும் சொன்னார். யோசிக்க எனக்கு ஒரு ராத்திரிகூட ஆகவில்லை. பூவைப் பற்றிய புத்தகம் பூவாகவே முடியட்டும் என்று எனக்கே ஆசையாக இருந்தது. உன்னைக் கேட்டால் விடமாட்டாய் என்று தெரியும், அதனால் கேட்கவில்லை. அழகுக்காகச் செய்தேன் என்று பல நாள் எனக்கே சொல்லிக்கொண்டேன். பயந்துதான் செய்தேன்.

அச்சாகி வந்ததும் உன் பங்குப் பிரதிகளைத் தூக்கிக்கொண்டு வந்தேன். நீ கடைசிப் பக்கத்தைத்தான் முதலில் திருப்பினாய். கொஞ்ச நேரம் அங்கேயே பார்த்துக்கொண்டிருந்தாய். "நல்லா வந்திருக்குதுடி" என்று சொல்லிவிட்டு, டீ போட உள்ளே போய்விட்டாய். சண்டை போட்டிருந்தால் நானும் பதிலுக்குக் கத்தி, அழுது, மன்னிப்புக் கேட்டிருப்பேன். நீ டீ கொடுத்துவிட்டாய். கேட்க வேண்டிய மன்னிப்பை நீ ஆஸ்பத்திரியில் படுத்திருந்தபோதுகூட நான் கேட்கவில்லை.

நேற்று உன் நான்கு தாளையும் அந்தப் பெஞ்சிலேயே படித்து முடித்தேன். அடித்தல் திருத்தல் இல்லை. ஒவ்வொரு பிரதிக்கும் இப்படி உட்கார்ந்து கையால் எழுதியிருக்கிறாய், அதுவும் உடம்புக்கு முடியாத அந்த மாதங்களில். என்னைத் திட்டி ஒரு வரியாவது இருக்கும் என்று தேடினேன். கடைசியில் சின்ன எழுத்தில் இது மட்டும் இருந்தது: "இந்த அத்தியாயம் அச்சாகும்போது கைதவறி விடுபட்டுவிட்டது. வாசகர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்." கீழே நம் இருவர் பெயரும். என் பெயரை முதலில் எழுதியிருந்தாய்.

மலையில் இருக்கிற பிள்ளைகளிடம்கூட என்னைக் காட்டிக்கொடுக்க உனக்கு மனசு வரவில்லை. அங்கே வைத்துத்தான் அழுதேன். பிள்ளைகள் பார்த்தார்கள், பார்க்கட்டும்.

இரண்டாம் பதிப்புக்குத் திருத்தித் தரவேண்டிய மெய்ப்பு போன வாரமே வந்து என் மேசையில் கிடக்கிறது. இன்று காலை பதிப்பாளரைக் கூப்பிட்டு, ஒரு அத்தியாயம் சேர்க்க வேண்டும் என்றேன். பக்கம் கூடுமே, பள்ளிக்கூடத்தில் ஒத்துக்கொள்வார்களா என்று இழுத்தார். "மலைமேல பிள்ளைங்க எல்லாரும் ஏற்கெனவே படிச்சிட்டாங்க சார், நாம தான் லேட்டு" என்றேன். அது இல்லாமல் புத்தகமே வேண்டாம் என்றும் சொன்னேன். கடைசியில், "அனுப்புங்க" என்றார்.

நீ ஒட்டிய தாள்களைப் பள்ளிக்கூடத்திலேயே விட்டுவிட்டேன், நகல் மட்டும் எடுத்து வந்தேன். மூலம் அந்தப் பிள்ளைகளுடையது. என்னோடு வந்திருப்பது விரல் நுனியில் கொஞ்சம் பசை வாசனையும், எழுதினால் முழுதாக எழுத வேண்டும் என்ற உன் பிடிவாதமும்தான். பேனா எடுக்கும்போதெல்லாம் இனி அது கூடவே இருக்கும்.

உன் அத்தியாயத்தில் ஒரு எழுத்தைக்கூட மாற்றவில்லை. அடியில் இருந்த குறிப்பை மட்டும் திருத்தியிருக்கிறேன். அது இப்போது இப்படி இருக்கிறது: "இந்த அத்தியாயம் முதல் பதிப்பில் கைதவறி விடுபடவில்லை. நான் பயந்து எடுத்தேன். என் தோழி அதைத் தன் கையால் எழுதி ஒட்டினாள்." அதன் கீழே என் பெயர் மட்டும். அட்டையில் உன் பெயர் முதலில்.