கட்டாத குழை

முரசுமோட்டை,
வைகாசி, 1961.

அன்புள்ள அண்ணா அறிவது,

வற்றாப்பளை அம்மன் உங்களையும் அண்ணியையும் பிள்ளைகளையும் ஒரு குறையுமில்லாமல் வைத்திருக்க வேண்டும். இங்கே சிறுபோகம் விதைத்தாயிற்று. இரணைமடுக் குளத்துத் தண்ணீர் வாய்க்கால் நிறைய வருகிறது. வயலுக்கு ஒரு குறையுமில்லை.

பிள்ளைகள் பார்க்க ஆசைப்பட்ட மான்குட்டி இனி இங்கே இல்லை. காட்டில் விட்டுவிட்டேன். தாயைச் சுட்டு இறைச்சியாக்கிய உங்கள் மச்சான், இவர்தான், குட்டியையும் சாக்கில் கொண்டுவந்து என் மடியில் போட்டவர். ஆட்டுப்பால் பருக்கி வளர்த்தேன். அது வளர்ந்து கொழுத்ததும் இவருடைய கூட்டாளிகள் வந்து தொடையைத் தடவிப் பார்க்கத் தொடங்கினார்கள். "பொங்கல் முடியட்டும், பிறகு கறி காய்ச்சுவம்" என்றார் இவர். அம்மன் பொங்கலுக்காக ஊரே மச்சம் மாமிசம் விட்டு விரதம் இருந்தது. அதுவரைக்கும்தான் அதற்கு உயிர்.

வயலுக்குச் சோறு கொண்டுபோகும் சாட்டில், வாய்க்காலுக்கு அப்பால் காட்டுக்குக் கூட்டிப்போனேன். சுற்றிவர இலை. ஒன்றையும் தின்னாமல் என் கையையே பார்த்துக்கொண்டு நின்றது. எனக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. நம்மூரில் ஆட்டுக்குச் செய்வதுபோலப் பூவரசங்குழையை இலையும் கொப்புமாக ஒடித்துக் கயிற்றில் கட்டித் தொங்கவிட்டே வளர்த்துவிட்டேன். கட்டின குழைதான் சாப்பாடு என்று நினைத்திருக்கிறது, பாவம்.

பிறகென்ன, காட்டுக்குள் குழை கட்டும் பைத்தியக்காரி ஆனேன். முதலில் பூவரசு கட்டினேன். பிறகு காட்டுக் கொப்பையே வளைத்துக் கயிற்றைச் சுற்றினேன். கயிற்றைக் கண்டதும் தின்றது. மாலையில் திரும்பக் கூட்டிவந்துவிடுவேன். கடைசியில் ஒருநாள் கயிறில்லாமலே எட்டிக் கடித்தது. அது தின்றுகொண்டிருக்கும்போதே சொல்லாமல் வந்துவிட்டேன்.

மறுநாள் படலையில் வந்து தலையை முட்டிக்கொண்டு நின்றது அண்ணா. நான் திறக்கவில்லை. மண்ணாங்கட்டியால் எறிந்தேன். காலில் பட்டும் போகாமல் என்னையே பார்த்தது. "போ, இது உன்ரை வீடில்லை" என்று கத்தினேன். பிறகுதான் போனது. இன்றுவரை வரவில்லை.

மாசியில் நான் பெட்டியோடு வந்து உங்கள் படலையில் நின்றேனே, அது அன்றைக்குத்தான் நினைவில் வந்து குத்தியது. "இனி அதுதான் உன்ரை வீடு, போ பிள்ளை" என்று அடுத்த பஸ்ஸில் ஏற்றிவிட்டீர்கள். என் நன்மைக்கென்றுதான் சொன்னீர்கள், எனக்குத் தெரியும். ஆனால் மானுக்குப் போக ஒரு காடு இருந்தது.

மானை விட்ட விஷயம் தெரிந்ததும் இவர் என் பெட்டியைப் பூட்டி, திறப்பைத் தன் இடுப்பில் முடிந்துகொண்டார். இப்போது வயலுக்குக்கூட என்னை விடுவதில்லை. கையில் வீக்கம் வற்றிவிட்டது, அதனால்தான் எழுத முடிகிறது. அண்ணிக்கு இதைச் சொல்ல வேண்டாம். பக்கத்து வளவு நேசமலர் அக்கா இதைத் தபாலில் போடுவார். மறுமொழியை அவர் பெயருக்கே எழுதுங்கள். இவர் கண்ணில் பட்டால் அதுவும் நின்றுவிடும்.

உங்கள் சொல்லை நான் ஒருநாளும் மீறினதில்லை. ஒன்றே ஒன்று கேட்கிறேன். பெட்டி இல்லாமல், உடுத்த சேலையோடு நான் வந்து நின்றால் ஒன்றும் விசாரிக்க வேண்டாம். குசினியில் அடுப்படி மூலையில் கிடப்பேன், உங்கள் ஆடுகளுக்குக் குழை கட்டுவேன். படலையை மட்டும் திறந்துவிடுங்கள்.

அம்மன் துணை.

உங்கள் தங்கை,
விமலேஸ்வரி